முத்துசுவாமி தீட்சிதர்: எட்டயபுரம் கரிசலில் முடிந்த வாழ்க்கை... பேண்ட் மெட்டில் சமஸ்கிருதப் பாட்டு எழுதியவரின் இசை பிழைத்தது எப்படி?

பாளையம்பட்டியில் பஸ் ஏறி, அருப்புக்கோட்டை தாண்டி தூத்துக்குடி நாலு வழிச்சாலையைப் பிடித்தால் பந்தல்குடி வரும். அதுக்கப்புறம் ரெண்டு பக்கமும் கரிசல் காடு, வேலிக்கருவை, அங்கங்கே பருத்தி, உளுந்து, கம்பு. இன்னும் கொஞ்ச நேரத்தில் எட்டயபுரம் போர்டு கண்ணில் படும். வீட்டில் இருந்து கிளம்பி எப்படியும் ஒரு மணி நேரப் பயணம்.

எட்டயபுரம் என்றதும் நம்ம பக்கத்து ஆட்களுக்கு ரெண்டு பேர் ஞாபகத்துக்கு வருவார்கள். ஒருவர் பாரதியார். இன்னொருவர் கட்டபொம்மன் கதையில் வரும் எட்டப்பன். ஆனால் அதே ஊரில், 1835-ம் வருஷம் தீபாவளி அன்று, கர்நாடக இசையின் மும்மூர்த்திகளில் ஒருவர் உயிரை விட்டார். அவருடைய நினைவிடமும் அங்கேதான் இருக்கிறது. பக்கத்தில் இருக்கும் நம்மில் பலபேர் அதைப் போய்ப் பார்த்ததே இல்லை.

அவர்தான் முத்துசுவாமி தீட்சிதர். காவிரிக் கரையில் பிறந்தவர் தண்ணி இல்லாத கரிசல் காட்டுக்கு ஏன் வந்தார்? வெள்ளைக்காரன் பேண்ட் வாசிச்ச மெட்டுக்கு அவர் பாட்டு எழுதியது நிஜமா? அமிர்தவர்ஷினி ராகம் பாடி மழையை வரவழைச்சார் என்கிறார்களே, அது உண்மையா? எல்லாத்துக்கும் மேல, அவர் கையெழுத்தில் அச்சுக்குப் போகாத பாட்டெல்லாம் இன்னைக்கு நம்ம போன் வரைக்கும் வந்து சேர்ந்தது எப்படி? ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

யார் இந்த முத்துசுவாமி தீட்சிதர்?

1775-ம் ஆண்டு மார்ச் மாதம் திருவாரூரில் பிறந்தவர். அப்பா ராமசுவாமி தீட்சிதர், அம்மா சுப்பம்மாள். ரொம்ப நாள் குழந்தை இல்லாமல் இருந்த தம்பதி, வைத்தீஸ்வரன்கோயிலில் வேண்டிக்கொண்ட பிறகு பிறந்த பிள்ளை. அந்தக் கோயில் முருகனுக்கு முத்துக்குமாரசாமி என்று பெயர். அதையொட்டித்தான் முத்துசுவாமி என்று பெயர் வைத்தார்கள். அவருக்குப் பின் சின்னசாமி, பாலுசாமி என்று ரெண்டு தம்பிகளும் ஒரு தங்கையும் பிறந்தார்கள்.

அப்பாவும் சாதாரண ஆள் இல்லை. இன்றைக்கு எந்தக் கச்சேரியிலும் காதில் விழுகிற ஹம்சத்வனி ராகத்தை உருவாக்கியவர் அவர்தான். திருவாரூர் கோயிலில் எந்த நேரத்துக்கு என்ன நாகஸ்வரம் வாசிக்க வேண்டும் என்ற முறையை வகுத்ததிலும் அவருக்குப் பங்கு உண்டு.

இதில் ஒரு ஆச்சரியமான விஷயம். மும்மூர்த்திகளில் மற்ற இருவரான சியாமா சாஸ்திரி (1762-1827), தியாகராஜர் (1767-1847) ரெண்டு பேரும் பிறந்தது இதே திருவாரூரில்தான். 13 வருஷ இடைவெளியில் ஒரே ஊரில் மூணு பேர்.

கோட்டைக்குள் கேட்ட பேண்ட் சத்தம்

தீட்சிதர் குடும்பம் கொஞ்ச காலம் சென்னைப் பக்கம் மணலியில் போய் இருந்தது. மணலி ஜமீன் முத்துகிருஷ்ண முதலியார், கிழக்கிந்தியக் கம்பெனியோடு தொடர்பில் இருந்த பெரிய புள்ளி. இசை என்றால் அவருக்கு உயிர். ராமசுவாமி தீட்சிதரைக் குடும்பத்தோடு கூட்டி வந்து ஆதரித்தார்.

முதலியார் வீட்டுத் தொடர்பால், தீட்சிதர் சகோதரர்களுக்கு செயின்ட் ஜார்ஜ் கோட்டையில் கம்பெனி பேண்ட் வாசிப்பதைக் கேட்கும் வாய்ப்பு கிடைத்தது. அயர்லாந்து, ஸ்காட்லாந்து பக்கத்து நாட்டுப்புற மெட்டுகள், நடன மெட்டுகள், ராணுவ அணிவகுப்பு மெட்டுகள் எல்லாம் அதில் உண்டு. பாட்டுக் கற்கும் வயதில் இருந்த பையன்களுக்கு அது முற்றிலும் புது உலகம்.

இந்தப் பழக்கத்தில் இருந்து ரெண்டு விஷயம் பிறந்தது. கடைசித் தம்பி பாலுசாமி, ஒரு ஐரோப்பியரிடம் வயலின் கற்றார். அந்த வாத்தியத்தை நம்ம இசைக்கு ஏற்ற மாதிரி வளைத்து வாசித்த முதல் ஆட்களில் அவர் ஒருவர். இன்றைக்கு வயலின் இல்லாத கர்நாடகக் கச்சேரியை நினைச்சே பார்க்க முடியாது, இல்லையா? அதன் தொடக்கம் இந்த மணலி வீட்டில் இருக்கிறது.

ரெண்டாவது, முத்துசுவாமி அந்த மெட்டுகளுக்கு சமஸ்கிருதத்தில் வரிகள் எழுதினார். இவற்றுக்கு நோட்டுஸ்வரம் என்று பெயர். 'நோட்' என்ற ஆங்கிலச் சொல்தான் நோட்டு ஆகிவிட்டது. சுமார் 40 பாட்டுகள் இப்படிக் கிடைத்திருக்கின்றன. எல்லாம் சங்கராபரண ராகத்தின் சுரங்களில் அமைந்தவை. ஏன் சங்கராபரணம்? மேற்கத்திய இசையின் அடிப்படை மேஜர் ஸ்கேலும் சங்கராபரணமும் சுர வரிசையில் ஒன்றுதான். பிரிட்டிஷ் தேசிய கீதத்தின் மெட்டுக்கும் ஒரு பாட்டு உண்டு. ஆனால் அதில் ராஜாவைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது, முழுக்க அம்மனைப் பற்றியது.

இந்தப் பாட்டுகளில் சுரத்தை அசைத்து, வளைத்துப் பாடும் கமகம் இல்லை. அதனால் பாட்டு கற்கும் சின்னப் பிள்ளைகளுக்கு இன்றைக்கும் இதை முதலில் சொல்லிக் கொடுக்கிறார்கள்.

காசியில் கழிந்த இளமை

மணலியில் இருந்தபோது சிதம்பரநாத யோகி என்ற துறவி அந்த வீட்டுக்கு வந்தார். முத்துசுவாமியைத் தன்னோடு காசிக்கு அனுப்பச் சொல்லிக் கேட்டார். ரயில் இல்லாத காலம். போனால் திரும்பி வருவதற்கு உத்தரவாதம் இல்லை. தவம் இருந்து பெற்ற பிள்ளையை அனுப்ப அப்பாவுக்கு மனசே இல்லை என்கிறார்கள். கடைசியில் சம்மதித்தார்.

காசியில் சில வருஷங்கள். அங்கே வேதாந்தமும் அம்மன் வழிபாட்டு முறையான ஸ்ரீவித்யையும் கற்றார். அதோடு வட இந்திய இசையைக் காது கொடுத்துக் கேட்டார். துருபத் பாணியின் நிதானம், ஒவ்வொரு சுரத்திலும் நின்று நகரும் போக்கு, இது ரெண்டும் அவர் இசையில் கடைசி வரைக்கும் இருந்தது. யமுனா கல்யாணி, பிருந்தாவன சாரங்கா, த்விஜாவந்தி போன்ற வடக்கத்திய சாயல் ராகங்களில் அவர் எழுதியதற்கும் காரணம் அந்தக் காசி நாட்கள்தான்.

குரு காசியிலேயே காலமாகிவிட, தீட்சிதர் தெற்கே திரும்பினார். கங்கையில் இறங்கியபோது ஒரு வீணை கையில் கிடைத்ததாகவும், அதில் ராம நாமம் பொறித்திருந்ததாகவும் அவர் பரம்பரையில் சொல்வார்கள். நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். ஆனால் அவர் வீணைக்காரர் என்பதில் சந்தேகமே இல்லை. வீணைத் தந்தியை இழுத்து ஒரு சுரத்தில் இருந்து இன்னொன்றுக்கு வழுக்கிப் போகிற அந்த நடை, அவர் பாட்டுகளைப் பாடும்போதும் கேட்கும்.

திருத்தணியில் முதல் பாட்டு

ஊர் திரும்பிய தீட்சிதர் திருத்தணி முருகன் கோயிலுக்குப் போனார். அங்கே ஒரு முதியவர் வந்து வாயைத் திறக்கச் சொல்லிக் கற்கண்டு போட்டதாகவும், உடனே பாட்டு பிறந்ததாகவும் கதை. மாயாமாளவகௌளை ராகத்தில் அமைந்த அந்தப் பாட்டைத்தான் அவருடைய முதல் கிருதி என்கிறார்கள்.

அன்று முதல் அவர் பாட்டுகளில் குருகுஹ என்ற சொல் கையெழுத்து மாதிரி வர ஆரம்பித்தது. இது முருகனின் பெயர். பாட்டுக்குள் எழுதியவர் தன் அடையாளத்தை வைப்பதை முத்திரை என்பார்கள். தியாகராஜர் தன் பெயரையே வைத்தார். தீட்சிதர் தன்னுடைய சாமியின் பெயரை வைத்துக்கொண்டார்.

அப்புறம் காஞ்சிபுரம், திருவண்ணாமலை, சிதம்பரம், திருவானைக்காவல், காளஹஸ்தி என்று கோயில் கோயிலாகப் போனார். இந்த அஞ்சு தலங்களும் நிலம், நீர், நெருப்பு, காற்று, ஆகாயத்துக்கானவை. அஞ்சுக்கும் தனித்தனியே பாட்டு எழுதினார். போன கோயிலில் மூலவர் பெயர், அம்மன் பெயர், தீர்த்தம், தலவிருட்சம், வழிபாட்டு முறை என்று பாட்டுக்குள் விவரம் அடுக்கி வைத்திருப்பார். ஒரு வகையில் பார்த்தால், 200 வருஷத்துக்கு முந்தைய கோயில் டைரி அது.

அவர் பாட்டில் அப்படி என்ன விசேஷம்?

கர்நாடகக் கிருதிக்குப் பொதுவாகப் பல்லவி, அனுபல்லவி, சரணம் என்று மூணு பகுதி. தீட்சிதர் பாட்டு மெதுவாக, யானை நடக்கிற மாதிரி நகரும். கடைசியில் சட்டென்று ரெட்டிப்பு வேகத்தில் சில வரிகள் ஓடும். கச்சேரியில் தூங்கி வழிகிறவர்கள்கூட நிமிர்ந்து உட்காரும் இடம் அது.

இன்னொரு நுட்பம், ராகத்தின் பெயரையே பாட்டு வரிக்குள் ஒளித்து வைப்பது. பொருளும் கெடாது, ராகம் எது என்பதும் தெரிந்துவிடும்.

தமிழ் பி.ஏ. படித்தவர்களுக்கு ஒரு விஷயம் சட்டென்று பிடிக்கும். நன்னூலில் எட்டு வேற்றுமை படித்திருப்போம். முதல் வேற்றுமை எழுவாய், எட்டாவது விளி. சமஸ்கிருதத்திலும் இப்படி எட்டு உண்டு. திருவாரூர் கமலாம்பாள் மேல் தீட்சிதர் எழுதிய நவாவரணக் கிருதிகளில் எட்டுப் பாட்டும் எட்டு வேற்றுமையில் அமைந்தவை. ஒன்பதாவது பாட்டில் எல்லா வேற்றுமையும் சேர்ந்து வரும். தொடக்கப் பாட்டும் மங்களமும் சேர்த்து மொத்தம் 11. இலக்கணத்தை மனப்பாடம் பண்ணியே அலுத்துப்போன நமக்கு, அதை வைத்து இசை கட்டலாம் என்று ஒருவர் யோசித்தது பெரிய விஷயம்தான்.

நாளுக்கு ஒன்றாக ஏழு கிரகங்களுக்கு, ஏழு வகைத் தாளத்தில் எழுதிய பாட்டுகளும் அவருடையவை. சுத்தமத்தளம் தம்பியப்பன் என்ற சீடர் தீராத வயிற்றுவலியால் தவித்தபோது, வியாழ பகவான் மேல் எழுதிக் கொடுத்ததுதான் அந்த வரிசையின் தொடக்கம் என்று சொல்வார்கள்.

காசு இல்லாத வீடு, கற்க வந்த சீடர்கள்

தீட்சிதர் எந்த அரண்மனையிலும் சம்பளத்துக்கு இருக்கவில்லை. திருவாரூரில் பல வருஷம் வறுமைதான். வீட்டில் அரிசி இல்லாத ஒரு நாள், சீடரான கமலம் தன் நகையை அடகு வைத்துக் காசு கொண்டு வருகிறேன் என்றாராம். அவர் சம்மதிக்கவில்லை. அம்மனைப் பார்த்து லட்சுமி மேல் ஒரு பாட்டுப் பாடினார், சாயங்காலத்துக்குள் வீட்டுக்குச் சாமான் வந்து சேர்ந்தது என்பது கதை.

அந்தக் கதையில் கவனிக்க வேண்டியது கமலம் யார் என்பது. அவர் திருவாரூர் கோயிலில் நடனம் ஆடியவர். தீட்சிதரிடம் கற்றவர்களில் அவரைப் போன்றவர்களும், மத்தளக்காரர்களும், நாகஸ்வரக்காரர்களும் இருந்தார்கள். தஞ்சை நால்வர் என்று புகழ்பெற்ற சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு ஆகிய நாலு அண்ணன் தம்பிகளும் அவருடைய சீடர்கள்தான். இன்றைக்கு மேடையில் பார்க்கும் பரதநாட்டியத்தின் வரிசை முறையை அமைத்தவர்கள் இந்த நால்வர்.

அதாவது, தீட்சிதர் பாட்டைத் தலைமுறை தாண்டிக் கொண்டு வந்தவர்களில் இசை வேளாளர் குடும்பங்களுக்குப் பெரிய பங்கு இருக்கிறது. சபா மேடைகளில் இந்தப் பாட்டைக் கேட்கும்போது அவர்கள் பெயரை யாரும் சொல்வதில்லை.

அதே காலத்தில் பாரிஸில் என்ன நடந்தது?

கொஞ்சம் வெளியே எட்டிப் பார்ப்போம். தீட்சிதர் வாழ்ந்த காலமும், ஐரோப்பாவில் ரொமான்டிக் காலம் என்று சொல்கிற காலமும் கிட்டத்தட்ட ஒன்றுதான். பிரான்ஸில் அப்போது வீட்டுக் கூடத்தில் பாடுகிற எளிய காதல் பாட்டுக்கு 'ரொமான்ஸ்' என்று பெயர். ஒரே மெட்டு, அதையே எல்லாச் சரணத்துக்கும் திரும்பப் பாடுவார்கள்.

1830-களில் ஆஸ்திரியாக்காரர் ஷூபர்ட்டின் பாட்டுகள் பிரெஞ்சில் மொழிபெயர்ந்து பாரிஸுக்கு வந்தன. கவிதையின் ஒவ்வொரு வரிக்கும் இசை மாறும், பியானோவும் சும்மா தாளம் போடாமல் கூடவே பேசும். அதைக் கேட்டு பிரெஞ்சுக்காரர்களும் நல்ல கவிஞர்களின் கவிதையை எடுத்து அப்படி இசையமைக்க ஆரம்பித்தார்கள். அதற்கு 'மெலோடி' என்று பெயர் வந்தது. பெர்லியோஸ் 1830-ல் அயர்லாந்துக் கவிஞர் தாமஸ் மூரின் வரிகளை பிரெஞ்சில் எடுத்து இசையமைத்தார். 1841-ல் கோத்தியே என்ற கவிஞரின் ஆறு கவிதைகளுக்கு இசையமைத்து வெளியிட்டார். பின்னாடி ஃபோரே, துபார்க், தெபூசி என்று அந்த வழி வளர்ந்தது.

இங்கே ஒரு ஒற்றுமையைப் பாருங்க. அயர்லாந்துச் சரக்கு பாரிஸில் ஒரு பிரெஞ்சுக்காரரை இழுத்தது. அதே அயர்லாந்து மெட்டுகள் கம்பெனி பேண்ட் வழியாகச் சென்னைக்கு வந்து ஒரு திருவாரூர்க்காரரையும் இழுத்தன. அவர் கவிதையை எடுத்துக்கொண்டு மெட்டு போட்டார். இவர் மெட்டை எடுத்துக்கொண்டு கவிதை எழுதினார்.

ஆனால் ஒரு பெரிய வித்தியாசம் இருக்கிறது. பாரிஸில் பாட்டு எழுதினால் அச்சடித்துக் கடையில் விற்றுவிடுவார்கள். பியானோ இருக்கிற வீட்டில் யார் வேண்டுமானாலும் வாங்கி வாசிக்கலாம். துபார்க் மனநிலை சரியில்லாமல் 40 வயதுக்கு முன்பே எழுதுவதை நிறுத்தினார், தன் கையெழுத்துப் பிரதிகளில் பலவற்றைத் தானே அழித்தார். ஆனாலும் அச்சில் ஏறிய 17 பாட்டு தப்பியது. அந்தப் பாட்டுகளை வைத்தே அவரை இன்றும் கொண்டாடுகிறார்கள்.

தீட்சிதருக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. சொல்லிக் கொடுத்த சீடனின் தொண்டைதான் அவருடைய அச்சகம். அந்தத் தொண்டை நின்றால் பாட்டும் நின்றது.

கரிசல் காட்டுக்கு ஏன் வந்தார்?

தம்பி பாலுசாமிக்கு எட்டயபுரம் அரண்மனையில் ஆஸ்தான வித்வான் வேலை கிடைத்தது. பாளையக்காரர் போரில் கம்பெனி பக்கம் நின்ற எட்டயபுரம், கட்டபொம்மனை 1799-ல் கயத்தாறில் தூக்கிலிட்ட பிறகும் செழிப்பாகவே இருந்தது. அரசியலில் அந்த அரண்மனை எடுத்த பக்கத்தை நம்ம ஊர் இன்னும் மன்னிக்கவில்லை. ஆனால் அதே அரண்மனைதான் இசைக்கும் புலவர்களுக்கும் சோறு போட்டது. ரெண்டையும் சேர்த்தேதான் அந்த ஊரைப் புரிந்துகொள்ள வேண்டும்.

வெகுகாலம் பிரிந்திருந்த தம்பியைப் பார்க்க தீட்சிதர் மதுரை வழியாகத் தெற்கே வந்தார். மதுரையைத் தாண்டினால் என்ன வரும் என்று நமக்குத் தெரியும். வைகையை விட்டு விலகியதும் வற்றாத ஆறு கிடையாது. கண்மாயும் வானமும்தான். மழை பெய்தால் வெள்ளாமை, இல்லையென்றால் வெடித்த நிலம். காவிரிக் கரையிலேயே வாழ்ந்தவர் கண்ணுக்கு அது எப்படித் தெரிந்திருக்கும்?

மழை கதை உண்மையா?

எட்டயபுரம் போகிற வழியில் பயிர் கருகி, ஆடு மாடு தண்ணிக்குத் தவிப்பதைப் பார்த்து மனம் கலங்கிப்போனார், அமிர்தவர்ஷினி ராகத்தில் அம்மனை நோக்கிப் பாடினார், உடனே மழை கொட்டியது என்பதுதான் தலைமுறையாகச் சொல்லப்படும் கதை. மழை நிற்காமல் பெய்து வெள்ளம் வரவே, போதும் என்று திரும்பவும் பாடி நிறுத்தினாராம்.

பாட்டுக்கும் மழைக்கும் அறிவியல் தொடர்பு எதுவும் கிடையாது. அந்தப் பாட்டு இருக்கிறது, அதில் மழையைக் கேட்கும் வேண்டுதல் இருக்கிறது, அது மட்டும் நிச்சயம். கோயில்கள் மேல் நூற்றுக்கணக்கில் பாட்டு எழுதிய மனிதர், தண்ணிக்காகக் கேட்டு எழுதிய பாட்டு இது. வறட்சியைப் பார்த்து ஒரு மனிதன் மனசு இளகியதன் ஆதாரம் என்று எடுத்துக்கொண்டால் போதும்.

அமிர்தவர்ஷினி உங்களுக்கும் புதுசு இல்லை. அக்னி நட்சத்திரம் படத்தில் யேசுதாஸும் ஜானகியும் பாடிய அந்த இரவு நேரப் பாட்டை இளையராஜா இந்த ராகத்தில்தான் போட்டார்.

கடைசி தீபாவளி

1835 அக்டோபர் 21, நரக சதுர்த்தசி. தீட்சிதருக்கு வயது 60. அரண்மனை யானை கட்டுக்கு அடங்காமல் ஓடிப் போய் மயானத்தில் படுத்துக்கொண்டது, கெட்ட சகுனமோ என்று ராஜா பயந்தார், தீட்சிதர் அவரைத் தேற்றினார் என்று ஒரு கதை உண்டு.

அன்றைக்கு வழக்கம்போல் பூஜை முடித்துவிட்டு, மதுரை மீனாட்சி மேல் தான் எழுதிய பாட்டைச் சீடர்களைப் பாடச் சொன்னார். அவர்கள் பாடிக்கொண்டிருந்தபோதே உயிர் பிரிந்தது. எட்டயபுரத்திலேயே அவருக்குச் சமாதி அமைந்தது.

பாட்டை அச்சில் ஏற்றியது யார்?

கதை இங்கே முடிந்திருந்தால் இன்றைக்கு நமக்குக் கிடைத்திருப்பது சில பாட்டுகளாகத்தான் இருக்கும். முடியாமல் பார்த்துக்கொண்டவர் சுப்பராம தீட்சிதர். பாலுசாமிக்கு ஆண் பிள்ளை இல்லை. மகள் வயிற்றுப் பேரனைத் தத்து எடுத்துக்கொண்டார். 1839-ல் பிறந்த அந்தப் பேரன்தான் சுப்பராமன். முத்துசுவாமி இறந்து நாலு வருஷம் கழித்துப் பிறந்ததால் பெரிய தாத்தாவை அவர் பார்த்ததே இல்லை. ஆனால் பாலுசாமி சொல்லிக் கொடுத்த அத்தனை பாட்டும் அவர் மனசில் இருந்தது. எட்டயபுரம் அரண்மனையில் அவரும் ஆஸ்தான வித்வான் ஆனார்.

சென்னையில் ஏ.எம்.சின்னசாமி முதலியார் என்று ஒருவர். கிறிஸ்தவர், ஆங்கிலம் படித்தவர், மேற்கத்திய இசைக் குறிப்பு முறை தெரிந்தவர். நம்ம பாட்டெல்லாம் எழுதி வைக்காமலேயே அழிந்துவிடும் என்ற பயம் அவருக்கு. 1890-களில் கர்நாடகப் பாட்டுகளை மேற்கத்திய ஸ்டாஃப் குறிப்பில் அச்சிட ஆரம்பித்தார். தீட்சிதர் பாட்டின் அசல் பாடம் தேடி சுப்பராமரிடம் வந்து சேர்ந்தார்.

குடும்பச் சொத்தாக இருந்த பாட்டை வெளியே கொடுப்பது அந்தக் காலத்தில் லேசுப்பட்ட முடிவு இல்லை. கடைசியில், அரண்மனை ஆதரவோடு சுப்பராமரே உட்கார்ந்து எழுதினார். ஒவ்வொரு கமகத்துக்கும் தனித்தனிக் குறியீடு வகுத்தார்கள். எங்கே அசைய வேண்டும், எங்கே வழுக்க வேண்டும் என்று எல்லாமே தாளில் வந்தது.

1904-ல் எட்டயபுரம் வித்யா விலாசினி அச்சகத்தில் அந்தப் புத்தகம் வெளிவந்தது. பெயர் சங்கீத சம்பிரதாய பிரதர்சினி. தெலுங்கு எழுத்தில், ஏறத்தாழ 1,700 பக்கம். அதில் முத்துசுவாமி தீட்சிதர் பாட்டு மட்டும் 200-க்கும் மேல். கரிசல் காட்டில் ஒரு சின்ன ஊர் அச்சகத்தில் இப்படி ஒரு புத்தகம் அடித்திருக்கிறார்கள் என்பதை நினைத்தால் இப்போதும் வியப்புதான். பிறகு சென்னை மியூசிக் அகாடமி அதைத் தமிழ் எழுத்தில் கொண்டுவந்தது.

பாட்டை எழுதியவர் சிவன், அம்மன், முருகனைப் பாடியவர். காப்பாற்றத் துடித்தவர் ஒரு கிறிஸ்தவர். காசு போட்டது எட்டப்பன் அரண்மனை. ஒரு சாதிக்கோ மதத்துக்கோ மட்டும் இந்த இசை சொந்தம் என்று யாராவது சொன்னால், இந்த மூணையும் எடுத்துச் சொல்லலாம்.

சமஸ்கிருதம் ஏன்? பாரதி என்ன நினைத்தார்?

இந்தக் கேள்வி வராமல் இருக்காது. தேவாரம் பாடிய திருவாரூரில் பிறந்தவர் ஏன் சமஸ்கிருதத்தில் எழுதினார்? தஞ்சையில் அப்போது மராத்திய அரசர்கள். சபையில் தெலுங்கும் சமஸ்கிருதமும்தான் புலமையின் மொழி. காசி வரை போய் வந்த ஒருவருக்கு எல்லா ஊரிலும் பண்டிதர்களுக்குப் புரியும் மொழி அது. தமிழும் தெலுங்கும் சமஸ்கிருதமும் கலந்த மணிப்பிரவாளப் பாட்டும் சில எழுதியிருக்கிறார். ஆனாலும் அவர் பாட்டில் பெரும்பங்கு சமஸ்கிருதம்தான்.

விளைவு என்ன? கேட்கிறவர்களில் முக்கால்வாசிப் பேருக்கு அர்த்தம் புரியாது. இதை வெளிப்படையாகக் கேட்டவர்களில் முக்கியமானவர், அதே எட்டயபுரத்தில் 1882-ல் பிறந்த பாரதியார். எந்தக் கச்சேரிக்குப் போனாலும் தீட்சிதரின் வாதாபி கணபதி பாட்டில்தான் ஆரம்பிக்கிறார்கள், பொருள் தெரியாமல் அதையே திரும்பத் திரும்பப் பாடுகிறார்கள் என்று ஒரு கட்டுரையில் அலுத்துக்கொண்டார். அதே பாரதிதான், 1906-ல் சுப்பராம தீட்சிதர் இறந்தபோது மனம் உருகி இரங்கற்பா எழுதினார். பழைய இசையின் மேல் பாரதிக்கு மதிப்பு இருந்தது, அது மக்களுக்குப் புரிய வேண்டும் என்ற கோபமும் இருந்தது. அந்தக் கோபம் 1940-களில் தமிழிசை இயக்கமாக வளர்ந்தது. 1943-ல் தமிழ் இசைச் சங்கம் பிறந்தது.

தமிழில் பாட்டே இல்லை என்பதும் தப்பு. சீர்காழி அருணாசலக் கவிராயரின் ராம நாடகக் கீர்த்தனை தீட்சிதர் பிறக்கும்போதே இருந்தது. தீட்சிதர் இறந்து சில பத்தாண்டுகள் கழித்து, எட்டயபுரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் கழுகுமலை முருகன் மேல் சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியார் காவடிச்சிந்து பாடினார். கூலி வேலைக்குப் போகிறவர் வாயிலும் அந்தச் சிந்து நின்றது, கச்சேரி மேடையிலும் ஏறியது. ஒரே கரிசல் மண்ணில், ஒரே நூற்றாண்டில், ஒரே முருகன் மேல் ரெண்டு வகைப் பாட்டு.

இன்றைக்கு என்ன இருக்கிறது?

2025 மார்ச்சோடு தீட்சிதர் பிறந்து 250 ஆண்டு ஆகிவிட்டது. வாதாபி கணபதி பாட்டு கல்யாண வீட்டு நாகஸ்வரத்திலும் ஒலிக்கிறது, யூடியூபிலும் ஒலிக்கிறது. நோட்டுஸ்வரத்தை வெளிநாட்டில் பிறந்த பிள்ளைகள் கூட்டாகப் பாடுகிறார்கள். சுப்பராமர் அன்று எழுதாமல் விட்டிருந்தால் இதில் எவ்வளவு மிஞ்சியிருக்கும் என்று சொல்ல முடியாது.

நம்ம ஊர்ப் பாட்டிகளின் தாலாட்டு, கும்மி, ஒப்பாரி, நடவுப் பாட்டு எல்லாம் இன்னும் தொண்டையில் மட்டும்தான் இருக்கிறது. பாளையம்பட்டியில், திருச்சுழியில், பந்தல்குடியில் அப்படிப் பாடுகிற ஆட்கள் இன்னும் இருக்கிறார்கள். சுப்பராமருக்கு 1,700 பக்கம் தேவைப்பட்டது. உங்களுக்கு இந்தச் செய்தியைப் படிக்கிற போன் போதும். அடுத்த முறை வீட்டுக்குப் போகும்போது பாட்டியைப் பாடச் சொல்லி ரெக்கார்ட் பண்ணுங்க. அவர் பெயரையும், ஊரையும், தேதியையும் கூடவே குறித்து வையுங்க.

அப்படியே தூத்துக்குடி பக்கம் போகிற வேலை இருந்தால், எட்டயபுரத்தில் பாரதி பிறந்த வீட்டைப் பார்த்த கையோடு, தீட்சிதர் நினைவிடத்துக்கும் ஒரு எட்டு போய் வாங்க.